சாத்திய கதவு

"வெட்கமா இல்லை உனக்கு? இனிமே எங்கம்மா முகத்துல எப்படி முழிப்பே?"

ஜெர்மனியில் கார் தொழிற்சாலையில் வேலை பார்க்கும் சவேரியோ, ரோமில் ரயிலை விட்டு இறங்கியதும் நேராக அசுந்தா வீட்டு வாசலில் வந்து நின்று கத்தினான். ஈஸ்டர் முடிந்ததும் இருவருக்கும் கல்யாணம். சர்ச்சில் அறிவிப்புகூடப் படித்தாகிவிட்டது.

போன வருஷம், எழுபத்தாறில், அசுந்தா ஒரு பேய்ப் படத்தில் நடித்திருந்தாள். அதில் அவள் ஒட்டுத்துணி இல்லாமல் படுத்துக் கிடப்பதை ஜெர்மனியில் ஒரு தியேட்டரில் தன் கண்ணாலேயே பார்த்தானாம். கல்யாணமே வேண்டாம் என்றான்.

அவள் அழவில்லை. அவளுக்கு வந்தது கோபம். அவனை இழுத்துக்கொண்டு படத்தின் எடிட்டர் எல்விராவிடம் போனாள்.

"ஜெர்மனிக்குப் போன பிரதியைப் போடுங்க. இவன் பார்க்கட்டும்."

எல்விரா ரீலை மாட்டினாள். திரையில் அசுந்தா அறைக்குள் போய்க் கதவைச் சாத்துகிறாள். அடுத்த ஷாட்டில் கட்டில், முகம் தெரியாத ஓர் உடம்பு.

"நிறுத்துங்க. அந்தக் கையைப் பாரு. இப்போ என் கையைப் பாரு."

அசுந்தாவின் சுண்டுவிரல் சின்ன வயதில் முறிந்து கோணிப்போனது. அது அவனுக்குத் தெரியும். திரையில் இருந்த விரலோ நேராக இருந்தது.

வேறொரு பெண்ணை வைத்து எடுத்து, இவளுக்குத் தெரியாமல் ஒட்டச் சொன்னது தயாரிப்பாளர்தான் என்றாள் எல்விரா. வெளிநாட்டுக்காரன்தானே பார்க்கப்போகிறான், இங்கே யாருக்குத் தெரியும் என்றாராம். பாவி மனுஷன், நம் இத்தாலி ஆட்களில் பாதிப் பேர் பிழைப்புக்கு ஜெர்மனி போயிருப்பது அவர் மண்டையில் உறைக்கவே இல்லை.

சவேரியோவின் முகம் தொங்கிப்போனது. மன்னிப்புக் கேட்டான். கல்யாணத்தைச் சொன்ன தேதியிலேயே வைத்துக்கொள்ளலாம் என்றான். பிறகு கோபம் தயாரிப்பாளர் மேல் திரும்பியது.

"குடும்பம் குட்டியோட வர்ற பெரிய தியேட்டர்ல இந்தக் கண்றாவியைக் காட்டறானுங்க. நானும் ஏதோ பேய்ப் படம்னு போய் உட்கார்ந்தேன்."

எல்விரா ரீலைக் கழற்றிக்கொண்டே நிமிர்ந்தாள்.

"இல்லையே தம்பி. ஜெர்மனியிலகூட பெரிய தியேட்டருக்குப் போன பிரதியில, இவ கதவைச் சாத்தினதோட காட்சி முடிஞ்சுடும். இது வேற பிரதி. அந்த ஊர்ல ஸ்டேஷன் பின்னாடி சந்துல, அந்த மாதிரிப் படம் மட்டுமே ஓட்டுவாங்களே, அங்கே மட்டும்தான் போச்சு."

அசுந்தா நிச்சயதார்த்த மோதிரத்தைக் கழற்றிச் சவேரியோவின் கையில் வைத்தாள்.

"நான் கதவைச் சாத்திட்டேன். அதுக்கு மேல தேடிப் போனது நீதான்."