கட்டைவிரலுக்குக் கீழே ஒரு பதில்

வட்டவளைத் தேயிலைத் தொழிற்சாலையில் பகல் சாப்பாட்டு நேரம். சன்னல் வெளிச்சத்தில் வாரப் பத்திரிகையின் படக்கதை விரிந்திருக்கிறது. எழுத்துத் தெரியாதவர்களுக்காக முகமூடி வீரனின் பேச்சை முனியாண்டியும், கொள்ளைக்காரனின் பேச்சைக் காத்தமுத்துவும் இரண்டு வருஷமாக ஒரு வரி பிசகாமல் வாசிக்கிறார்கள். இன்று கொள்ளைக்காரன் மலை விளிம்பில் தொங்குகிறான். வீரன் அவன் கையைப் பிடித்திருக்கிறான். "விட்டுடுடா, நீதான் ஜெயிச்சே," என்று காத்தமுத்து கரகரக்கிறார். கொள்ளைக்காரன் விழுந்துவிட்டால் அடுத்த வாரம் அவருக்கு வாசிக்க எதுவுமில்லை. வீரனின் பதில், 'ஒழிந்து போ!' என்றுதான் அச்சாகியிருக்கிறது. தேயிலைத் தூள் படிந்த கட்டைவிரலால் முனியாண்டி அதை மூடிக்கொள்கிறார். "நீ போயிட்டா நான் யார வெரட்டுறது? ஏறி வாடா!" என்று வீரனின் குரலில் வாசிக்கிறார். "அப்புடியா போட்டிருக்கு?" என்கிறாள், கேட்டுக்கொண்டிருக்கும் எழுத்துத் தெரியாத பேச்சியம்மா. காத்தமுத்து அந்த விரலையே பார்க்கிறார். "அப்புடித்தான் தங்கச்சி போட்டிருக்கு," என்கிறார், கொள்ளைக்காரனின் குரலிலேயே.