பெரியவன் கணக்கு

பதிவு அலுவலகத்தில் இரண்டாம் ஜன்னலுக்கு முன்னால் மாமியாரும் மருமகளும் ஒரு விண்ணப்பத்தை ஆளுக்கொரு முனையில் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

காலை வேளை. இரண்டு சூரியன்களும் வாசல் வழியே உள்ளே அடித்ததால் தரையில் ஆளுக்கு இரண்டு நிழல். பார்ப்பதற்கு நான்கு பேர் சண்டை போடுவது போலிருந்தது.

தாள் கிழியாமல் இருந்தால் சரி என்று குமாஸ்தா நினைத்தார். அது காணாமல்போனவர்களுக்கான விண்ணப்பம். கிழிந்தால் புதிதாக வாங்க மாடிக்கு ஏற வேண்டும். மாடியில் இருப்பவர் லேசில் அசைகிற ஆள் இல்லை.

காணாமல்போனவன் அந்த அம்மாளின் ஒரே மகன். சரக்குக் கப்பலில் வேலைக்குப் போனான். கப்பலும் வரவில்லை, கடிதமும் வரவில்லை. ஆறு ஆண்டு ஆகிவிட்டால் இறந்தவனாகப் பதிவு செய்துகொள்ளலாம் என்பது சட்டம்.

எந்த ஆறு ஆண்டு என்பதில்தான் சிக்கல்.

வானத்தில் ஒரே ஒரு சூரியன் இருந்திருந்தால் குமாஸ்தாவின் பிழைப்பு எவ்வளவோ சுலபமாக இருந்திருக்கும். இருப்பதோ இரண்டு. பெரியவன் ஒரு சுற்று முடித்தால் ஓர் ஆண்டு. சின்னவன் ஒரு சுற்று முடித்தாலும் ஓர் ஆண்டுதான். ஆனால் சின்னவனுக்குக் கால் ஓர் இடத்தில் நிற்காது. பெரியவன் இரண்டு சுற்று முடிப்பதற்குள் அவன் மூன்று முடித்துவிடுவான்.

ஆகவே எல்லோருக்கும் இரண்டு பிறந்தநாள், இரண்டு வயது. கல்யாணப் பேச்சு என்றால் பெரியவன் கணக்கைச் சொல்வார்கள், வேலையிலிருந்து ஓய்வு கேட்கும்போது சின்னவன் கணக்கை. குமாஸ்தாவின் மனைவிக்கே பெரியவன் கணக்கில் முப்பதுதான். சின்னவன் கணக்கைக் கேட்டால் அன்றைக்கு அவருக்கு வீட்டில் சாப்பாடு கிடையாது.

நேற்றோடு சின்னவன் கணக்கில் ஆறு முடிந்துவிட்டது. பெரியவன் கணக்கில் இப்போதுதான் நான்கு. அந்தக் கணக்குப்படி அவன் இன்னும் இரண்டு ஆண்டு உயிரோடு இருக்கலாம்.

சட்டம் எழுதியவர்கள் எந்தக் கணக்கு என்று எழுத மறந்துவிட்டு, பிறகு அந்தப் பொறுப்பைப் பெற்றோர் தலையில் கட்டிவிட்டார்கள். தாயோ தகப்பனோ இருந்தால் அவர்கள் சொல்வதுதான் கணக்கு. மனைவிக்கு அதில் பேச்சே இல்லை.

குமாஸ்தா இந்த ஜன்னலில் உட்கார்ந்து பல காலம் ஆகிறது. பெற்ற தாய் எவளும் சின்னவன் கணக்கைச் சொல்லி அவர் கேட்டதில்லை. அதைக் குற்றம் சொல்லவும் அவருக்கு வாய் வராது.

ஆனாலும் எதிரே நின்ற மருமகளைப் பார்க்க மனது கேட்கவில்லை. எந்தக் கணக்கில் பார்த்தாலும் சின்ன வயது. மாமியாரின் காதருகே குனிந்து ஏதோ கெஞ்சிக்கொண்டிருந்தாள். அம்மாள் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அவள் கையைப் பிடித்தாள். அம்மாள் உதறினார்.

சரியான பிடிவாதக்காரி என்று குமாஸ்தா மனதுக்குள் வைதார்.

தன்னால் ஆனதைச் செய்துபார்ப்போம் என்று தாளை வாங்கி மேஜையில் விரித்தார். கீழே இரண்டு கட்டங்கள் இருந்தன. சின்னவன் கட்டத்தில் விரலை வைத்து, இதில் நேற்றோடு முடிந்துவிட்டதம்மா, இன்றைக்கே வேலையை முடித்துக் கொடுத்துவிடலாம் என்று குழைந்தார். பெரியவன் கட்டத்தை முழங்கையால் கொஞ்சம் மறைத்துக்கூட வைத்துக்கொண்டார்.

மருமகள் அழ ஆரம்பித்தாள்.

அழட்டும், அதைப் பார்த்தாவது இந்தக் கல்மனம் கரையட்டும் என்று அவர் கட்டத்திலிருந்து விரலை எடுக்கவில்லை.

அம்மாள் கம்பிக்கு இடையே கையை விட்டு, குமாஸ்தாவின் பேனாவையே எடுத்துக்கொண்டார்.

"சின்னவன் கணக்கே போடுங்க. மருந்துக்கடைக்காரர் நல்ல மனுஷன், இவளைக் கட்டிக்கக் காத்துக்கிட்டு இருக்கார். இவதான், என்னைத் தனியா விட்டுட்டு எப்படிப் போறது, பெரியவன் கணக்கையே சொல்லுங்கன்னு மூணு நாளா என் உயிரை வாங்குறா."

குமாஸ்தா முழங்கையை எடுத்துக்கொண்டார். கொஞ்ச நேரத்துக்கு அவரால் இருவரில் யார் முகத்தையும் பார்க்க முடியவில்லை.

அம்மாள் கையெழுத்துப் போட்டார். நிதானமான, தெளிவான கையெழுத்து. மகனின் பள்ளிக்கூட மதிப்பெண் அட்டைகளில் போட்டுப் பழகியதாக இருக்கும். போட்டு முடித்ததும், முகத்தைக் கழுவிக்கொண்டு வா என்று மருமகளைக் குழாய்ப் பக்கம் அனுப்பிவைத்தார்.

மீதி வேலை குமாஸ்தாவுடையது. சின்னவன் கட்டத்தில் தேதியை எழுதினார். முத்திரை குத்தினார். பயன்படாத கட்டத்தின் குறுக்கே சிவப்பு மையில் கோடு கிழித்தாக வேண்டும், அது விதி. சிவப்புப் பேனாவைத் திறந்து, அளவுகோலை எடுத்து வைத்தார்.

கம்பிக்கு இடையே மறுபடியும் அந்தக் கை வந்தது. அளவுகோலின் மேல் படிந்து, அப்படியே அதை அழுத்திப் பிடித்துக்கொண்டது.

"அந்தக் கட்டத்துல கோடு போடாதீங்க தம்பி. அவளுக்கு முடிஞ்சாச்சு. எனக்கு இன்னும் ரெண்டு வருஷம் இருக்கு."

குமாஸ்தா சிவப்புப் பேனாவை மூடினார். தாளை அப்படியே மடித்து அம்மாள் கையில் கொடுத்தார்.