நிலாத்தாள் நோட்டு

அரசவைப் புலவருக்குப் பட்டங்கள் பதினொன்று இருந்தன; தூக்கம்தான் இல்லை. காகிதக் கடை வைத்திருக்கும் மச்சினன் கவிதை எழுதுகிறான்.

கடை மேஜையில் கிடந்த, நிலா போல மினுங்கும் நிலாத்தாள் நோட்டைத் தற்செயலாக மூன்று முறை புரட்டியதில் தெரிந்துகொண்டார். புலவர் இருபது வருடமாகச் சொல்ல நினைத்து வாய்க்கு வராததையெல்லாம் பயல் முந்திக்கொண்டு எழுதியிருந்தான்.

"உன் தம்பி கவிதை எழுதுவானா?" என்று மனைவியிடம் நூல் விட்டுப் பார்த்தார்.

"அவனா? கடைப் பலகையிலேயே நாலு பிழை. ஏன் கேக்கிறீங்க?"

அக்காவிடம்கூட மூச்சு விடாத அமுக்கன் என்று புலவர் பல்லைக் கடித்தார்.

மறுநாள் அரண்மனையில் கவிதைப் போட்டி. தோற்றால் பதவி போய்விடும். மச்சினன் சாப்பிடப் போன நேரத்தில் நோட்டைத் தூக்கிவந்து அடுப்பில் திணித்தார். கருகும்போதும் கடைசி வரி அழகாகத்தான் இருந்தது.

சாயங்காலம் மச்சினன் வந்தான்.

"மாமா, போட்டிக்கு உங்களுக்குக் குடுக்கலாம்னு ஒரு நோட்டு வாங்கி வச்சிருந்தேன். காணோம்."

"எனக்கா? அதுலதான் நீ எழுதி வச்சிருந்தியே?"

"நானா? அது வெறும் நோட்டு மாமா. யார் புரட்டுறாங்களோ, அவங்க மனசுல எழுதாம கிடக்கிறதை அதுவே காட்டும். நான் பார்த்தப்போ 'கடைக் கதவைப் பூட்டு'ன்னு இருந்துச்சு. நீங்க பார்த்தா காவியமே வந்திருக்கும்."

புலவர் அடுப்பங்கரைக்கு ஓடினார். சாம்பலைக் கிளறியதில் ஒரே ஒரு துண்டுத் தாள் தப்பியிருந்தது. எடுத்துப் பார்த்தார்.

'பெண்டாட்டிக்குத் தெரிஞ்சா தொலைஞ்சோம்' என்று இருந்தது.