ஒரு கை உப்பு

கென்சாகு கதவைத் தட்டியதும் டோகியே ஒரு கை உப்போடு வந்து நின்றாள். சாவு வீட்டுக்குப் போய்விட்டு வருபவர்கள் மீது உப்பைத் தூவித்தான் கியோட்டோவில் உள்ளே விடுவார்கள். அவள் புருஷனோ தானே செத்துவிட்டு வருகிறவன். ரவுடிப் படங்களில் முதல் சண்டையிலேயே குத்துப்பட்டு விழும் அடியாள் வேஷம்தான் இருபது வருஷமாக அவனுக்கு.

"இன்னிக்குக் கத்தியா, துப்பாக்கியா?"

"உப்பு வேணாம் டோகியே. இன்னிக்கு நான் சாகல."

அவன் கழுத்தைப் பார்த்தாள். சிவப்புச் சாயம் ஒரு பொட்டுகூட இல்லை.

"ஏன், ஷூட்டிங் நடக்கலையா?"

"நடந்துச்சு. டைரக்டர் கூப்பிட்டு, இனிமே சாக வர வேண்டாம்னுட்டார்."

டோகியே உப்புக் கையை ஓங்கினாள்.

"உங்களை மாதிரி சாகுறதுக்கு அந்த ஸ்டுடியோவுல எவன் இருக்கான்? நீங்க விழுந்தா தியேட்டர்ல பக்கத்து சீட்டுக்காரி அழுவா! நாளைக்கு நானே வந்து அந்தாளை நாலு கேள்வி கேட்கிறேன்."

"கேளு. அப்படியே அடுத்த படத்தோட கதையையும் கேளு. ஒவ்வொருத்தனா எல்லாரும் சாகுறாங்க. கடைசி வரைக்கும் நிக்கிறவன் ஒரே ஒருத்தன்தான்."

"யாரு அந்த மகராசன்?"

கென்சாகு முதுகுக்குப் பின்னால் மறைத்து வைத்திருந்த பொட்டலத்தைப் பிரித்தான். கல்யாணம் காட்சி என்றால் மட்டுமே அந்த வீட்டில் வாங்குகிற முழுச் சிவப்பு மீன், வாலைத் தூக்கிக்கொண்டு கிடந்தது.

மீனை வாங்க டோகியே இரண்டு கைகளையும் நீட்டினாள்.

"கையில இருக்கிற உப்பைக் கீழே கொட்டிடாதே," என்றான் கதாநாயகன். "மீனுக்குத் தடவு."