பிற்பகலில் சேர்ந்தவர்

“ஒரு காலைப் பொழுதோட விலை பதினோரு லட்சத்து நாப்பதாயிரம் சார். கையெழுத்து போட்டா வரும். போடலேன்னா போச்சு.”

வக்கீல் ரேணுகா பேனாவைத் திறந்து நீட்டினார். எத்திராஜ் வாங்கவில்லை.

எத்திராஜ் கல்லூரியில் இயற்பியல் நடத்தி ஓய்வு பெற்றவர். முப்பது வருடத்துக்கு முன் வேலையில் சேர்ந்த அன்று, பதிவேட்டில் அவர் பெயருக்கு நேரே ‘பிற்பகல்’ என்று எழுதிவிட்டார்கள். பிற்பகலில் சேர்ந்தால் மறுநாள் சேர்ந்ததாகத்தான் கணக்கு. அந்த ஒரு நாளில் அரசு வைத்த கெடு தேதி தாண்டிப்போய், அவருக்கு மட்டும் தேர்வுநிலைச் சம்பள உயர்வு நாலு வருடம் தள்ளிப்போனது. அதற்குத்தான் வழக்கு. ஒன்பது வருடமாகத் திருமுல்லைவாயிலில் மின்சார ரயில் ஏறி ஐகோர்ட்டுக்குப் போய் வருகிறார்.

போன வாய்தாவில் நீதிபதி ஒரே ஒரு கேள்விதான் கேட்டிருந்தார். அன்று முற்பகலில் மனுதாரர் கல்லூரிக்கு வந்தாரா, இல்லையா? அதைப் பிரமாணப் பத்திரமாகக் கொடுக்க வேண்டும்.

ரேணுகா அதைத் தட்டச்சு செய்தே வைத்திருந்தார். மனுதாரர் காலை பத்தரைக்கே வந்துவிட்டார். பதிவேடுதான் மத்தியானம் கைக்கு வந்தது.

“எல்லா காலேஜ்லயும் நடக்கிறதுதானே சார். நீங்க காலையிலேயே வந்திருப்பீங்க.”

“வரலம்மா. மத்தியானம்தான் வந்தேன். கொஞ்சம் சொந்த வேலை.”

தூங்கிவிட்டாரா, ரயிலைத் தவறவிட்டாரா என்றெல்லாம் ரேணுகா துருவிப் பார்த்தார். எத்திராஜ் மேசைக் கண்ணாடிக்கு அடியிலிருந்த காலண்டரைப் படித்துக்கொண்டிருந்தார்.

வேறு வழியில்லாமல் ரேணுகா அவர் மனைவி பக்கம் திரும்பினார். ஜமீலா, பூந்தமல்லி ஜவுளிக் கடைக்காரர் மகள். சற்று முன்புதான் வக்கீல் ஃபீஸில் இரண்டாயிரத்தைக் குறைக்கச் சொல்லி, ரேணுகா உடனே சரி என்றதும் முகம் வாடிப்போனவர். கேட்டவுடன் விலை இறங்கினால் எங்கேயோ ஏமாந்துவிட்டதாக அவருக்குத் தோன்றும்.

“நீங்களாவது சொல்லுங்கம்மா. ரெண்டாயிரத்துக்கு என்கிட்ட அந்தப் பேச்சு பேசினீங்க. இங்க பதினோரு லட்சம் போகுது.”

ஜமீலா தாளை எடுத்து, கையை நீட்டித் தூரமாகப் பிடித்துப் படித்தார்.

“இதுல கையெழுத்து போட்டா, அன்னிக்கு பத்தரை மணிக்கு இவரு காலேஜ்லதான் இருந்தாருன்னு ஆயிடுமா? வேற எங்கியும் இல்லேன்னு?”

“ஆயிடும்மா. கோர்ட்டே ஒத்துக்கும்.”

“அப்ப வேணாம். பிற்பகல்னே எழுதிடு.”

ரேணுகா பேனாவை மூடினார். புருஷனும் பெண்டாட்டியும் ஒரே மனதாகப் பணத்தைத் தள்ளிவிடுவதை அவர் தொழிலில் இதுவரை பார்த்ததில்லை.

“அப்படி அன்னிக்குக் காலையில என்னதான் சார் வேலை?”

எத்திராஜ் ஜமீலாவைப் பார்த்துச் சிரித்தார். ரேணுகா கொண்டுவரச் சொல்லியிருந்த பழைய காகிதக் கட்டின் அடியிலிருந்து, லேமினேட் செய்த ஒரு தாளை ஜமீலா உருவி மேசைமேல் வைத்தார். திருமணப் பதிவு அலுவலக முத்திரை. அதே தேதி. காலை பத்தரை மணி. மணமகன் எத்திராஜ், மணமகள் ஜமீலா.

“முப்பது நாள் நோட்டீஸ் ஒட்டி வாங்கின தேதி, மாத்த முடியல. பதிவுக் காசு, ரெண்டு மாலை, சாட்சிக்கு வந்தவங்களுக்கு டீ, மொத்தமே இருநூத்திப் பத்து ரூபாதான் ஆச்சு,” என்றார் ஜமீலா. “கல்யாணம் இவ்ளோ சல்லிசா முடிஞ்சுதேன்னு எனக்கு அப்பலேர்ந்தே ஒரு டவுட்டு கீது. பாக்கிக்கு இப்பதான் பில் வந்துருக்கு.”