சல்லடை அஷீல்

"லெட்டர் மேலயே ஊத்திட்டியே! அது கையா, காலா?"

காபிக்கடை லெயோந்தீன் துணியோடு ஓடி வந்தாள். நான் தட்டிவிட்ட காபி, பாரீஸ் கால்பந்து சம்மேளனத்திலிருந்து என் சிநேகிதன் அஷீலுக்கு வந்த கடிதத்தின் மேல் ஓடிக்கொண்டிருந்தது. உறையைப் பிரித்து ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை.

"கை தவறிடுச்சு" என்றேன். நான் தொட்ட எதுவும் தவறாமல் இருந்ததில்லை என்பது ரூபே ஊர் முழுக்கத் தெரிந்த விஷயம். அதனால் யாரும் சந்தேகப்படவில்லை.

கஸ்பார் கடிதத்தை உதறி எடுத்தான். நூல் ஆலையில் வேலை. வயது இருபத்திரண்டு, நாக்குக்கு மட்டும் நாற்பது.

"இன்னும் படிக்க முடியுது. 'பிரான்சுக்காக ஆரம்ப காலத்தில் ஆடிய வீரர்களை ஞாயிற்றுக்கிழமை மைதானத்தில் நிறுத்திப் பதக்கம் அணிவிக்க இருக்கிறோம். அவரவர் பெயரும், ஆடிய ஆட்டமும், கோல் கணக்கும் ஒலிபெருக்கியில் அறிவிக்கப்படும்.' கோல் கணக்குமா! பெரியவரே, ஒங்களுக்கு ஒரே ஆட்டம்தானே? லண்டன்ல, கோல்கீப்பரா நின்னு பதிமூணு கோல் விட்டீங்க. அறிவிக்கிறவனுக்கு மூச்சு வாங்குமே!"

கடையே சிரித்தது. அஷீலும் கொஞ்சம் சிரித்து வைத்தான். இருபத்தாறு வருடப் பழக்கம். ஊரில் அவனுக்குச் 'சல்லடை' என்றுதான் பெயர். கல்யாணத்தன்று மாதாகோயில் கதவில் யாரோ ஒரு சல்லடையை மாட்டி வைத்தார்கள். மகள் பள்ளிக்கூடம் போன காலத்தில் அவளுக்கும் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. அவனுடைய இடது கையில் இரண்டு விரல்கள் மடங்காது. அவை ஆங்கிலேயன் அடித்த பந்தில் ஒடிந்தவை என்று சொல்லும்போது மட்டும் ஊர் கொஞ்சம் மரியாதையாகப் பேசும்.

"அன்னிக்கு லண்டன்ல செம மழையாம்" என்றான் கஸ்பார். "நனையக் கூடாதுன்னு பந்து தானா வலைக்குள்ள ஒதுங்கிடுச்சாம்."

"போதும்டா" என்றேன். "நீ அங்க நின்னு பார்த்திருந்தா தெரியும்."

"ஊர் டீம்ல பின்களத்துல நின்ன ஒங்களுக்கு லண்டனைப் பத்தி என்ன தெரியும், ஓனொரே மாமா? நீங்க பந்தை உதைச்சதைவிட ஆளை உதைச்சதுதான் அதிகம்னு எங்கப்பா சொல்வார்."

அவன் அப்பா பொய் சொல்கிறவர் இல்லை.

ஆலைச் சங்கு ஊதியது. கஸ்பாரும் கூட்டாளிகளும் தொப்பியை எடுத்துக்கொண்டு கிளம்பினார்கள். லெயோந்தீன் சமையல்கட்டுக்குள் போனாள். கடையில் நானும் அஷீலும் மட்டும்.

அவன் நனைந்த கடிதத்தை அடுப்புப் பக்கத்தில் விரித்துக் காயப்போட்டான்.

"நான் போகல, ஓனொரே. முப்பத்தெட்டு வருஷம் நின்னுக்கிட்டே கம்பளி அலசியாச்சு. முட்டி ரெண்டும் போச்சு. ரூபே சிரிச்சது பத்தாதா? இனிமே பாரீஸும் சிரிக்கணுமா?"

'சரி, போகாதே' என்பது நுனிநாக்குவரை வந்துவிட்டது. எனக்கு அதுதான் சௌகரியம். உண்மையைச் சொன்னால் காபி கை தவறிக் கொட்டியதல்ல. என் வாழ்க்கையில் நான் குறி தவறாமல் செய்த ஒரே காரியம் அதுதான்.

அவன் முட்டியைத் தேய்த்துக்கொண்டே நாற்காலியில் உட்கார்ந்தான். உட்கார அவனுக்கு அவ்வளவு நேரம் ஆகும் என்று அன்றுதான் கவனித்தேன்.

"நீ போற" என்றேன். "நானும் வர்றேன். ஒலிபெருக்கி வச்சிருக்கிறவன்கிட்ட நான் பேசுறேன்."

"என்னன்னு?"

"உண்மையை."

"காபிக் கோப்பையைப் பிடிக்கத் தெரியல, ஒலிபெருக்கியைப் பிடிக்கப் போறாராம் தொரை."

எப்போதும் இப்படித்தான். ஒரே கேள்வியை எத்தனையோ முறை கேட்டுவிட்டேன். ஒவ்வொரு முறையும் ஒரு கேலியைப் போட்டு நழுவிவிடுவான். இந்த முறை நான் விடுவதாக இல்லை.

"கேலி வேணாம், அஷீல். ஒன் விரலை ஒடிச்சது இங்கிலீஷ்காரன் இல்ல. பயிற்சியில மிதிச்ச என் பூட்ஸ். விரல் ஒடிஞ்ச விஷயம் தெரிஞ்சா ரெண்டு பேரையும் கால்பந்து சங்கத்தை விட்டுத் தள்ளிடுவாங்கன்னு பயந்து, ஒனக்குப் பதிலா ஒன் பேர்லயே நான் கப்பல் ஏறினேன். ஒருத்தன் மூஞ்சி இன்னொருத்தனுக்குத் தெரியாத டீமு, யாரும் கேக்கல. நீ மூணு நாள் ஒங்க அக்கா வீட்டு மாடியில ஒளிஞ்சிருந்த. லண்டன்ல கோலுக்கு நடுவுல நின்னது நான். பதிமூணும் என் கையில பட்டும் படாம போனது. ஊர் ஒன்னையச் சல்லடைங்குது. ஏன்டா இன்னிவரைக்கும் ஒருத்தர்கிட்டயும் சொல்லல?"

அஷீல் கடிதத்தை எடுத்தான். மடங்காத விரல்களால் கஷ்டப்பட்டு நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்தான்.

"ஞாயித்துக்கிழமை ஆறு மணிக்கு ரயிலு. கூட வா. ஆனா அந்த ஒலிபெருக்கிப் பக்கம் மட்டும் போயிடாத."

"நான் கேட்டதுக்குப் பதில் சொல்லு."

அவன் சிரிக்கவில்லை.

"நான் நின்னிருந்தா இருபது விழுந்திருக்கும், ஓனொரே. ஏழு கோல் மிச்சம் பண்ணிக் குடுத்தவனை எப்படிடா காட்டிக் குடுப்பேன்?"