ஜெபத்தில் வந்த பெயர்

“அப்பா, லூயி யாருப்பா? அம்மா தெனமும் அவருக்காக ஜெபம் பண்ணுது.”

மகள் கேட்ட கேள்வி தங்கச்சிமடம் மீனவன் வியாகுலத்தின் தொண்டையில் மீன்முள்ளாக நின்றது. கல்லறைத் திருநாளன்று, மாமனார் கல்லறையில் மெழுகுவத்தி ஏற்றிய அவன் மனைவி ஜோதிமேரி, சிலுவையடியில் தனியாக இன்னொன்று ஏற்றி, லூயி பேரைச் சொல்லி ஜெபித்தாள். வியாகுலம் கேட்டேவிட்டான்.

“யாருடி அந்த லூயி? கல்யாணத்துக்கு முந்தித் தெரிஞ்ச ஆளா?”

“அட கிறுக்கு மனுசா!” ஜோதிமேரி சிரித்துவிட்டாள். “நம்ம பிள்ளைய வெறிநாய் கடிச்சப்ப ஊசி போட்டாகள்ல? அந்த மருந்த மொதல்ல கண்டுபிடிச்ச பிரான்சுக்காரரு, லூயி பாஸ்டராம். டாக்டரம்மா சொன்னாக. நம்ம பிள்ளையக் காப்பாத்துனவரு நமக்குச் சொந்தமில்லையா?”

எல்லோரும் வீடு திரும்பிய பின், வியாகுலம் மட்டும் மறுபடி வந்தான். கடற்காற்றில் அந்த மெழுகுவத்தி அணைந்திருந்தது. முழங்காலிட்டு, உள்ளங்கையால் காற்றை மறைத்து, அதை ஏற்றினான்.